பிறகு வேறு, ஆல் வேறு: கண்புரை அறுவைக்குப் பின் வரும் சிக்கல்களுக்கு நோய்க்குறியீடு இடுவது எப்படி?

"எடுத்த புரை மறுபடியும் வளருமா, தம்பி?"

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் எங்கள் வீட்டுக்கு அடுத்த வரிசையில் இருக்கும் பாட்டி கேட்ட கேள்வி இது. முப்பது ஆண்டுகளுக்கு மேல் தோட்டத்தில் பால்மரம் சீவியவர். பெரட்டுக்காக, அதாவது தோட்டத்துக் காலை ஆள் கணக்கெடுப்புக்காக, விடியுமுன் எழுந்து பழகிய உடம்பு. இன்றும் நான்கரை மணிக்கு அவர் வீட்டு விளக்கு எரியும். இரண்டு ஆண்டுகளுக்கு முன் வலக்கண்ணில் புரையை எடுத்துச் செயற்கை லென்ஸ் வைத்தார்கள். கோபுரத்துச் சிலைகளைத் தெருமுனையிலிருந்தே எண்ணிச் சொல்லும் அளவுக்குப் பார்வை தெளிந்தது. பிறகு மெல்ல மெல்லப் பனி படர்ந்தது போலாகிவிட்டது.

அவருக்குச் சொன்ன பதில் பின்னால் வருகிறது. மருத்துவப் பதிவேட்டுப் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருக்கும் நம் பிள்ளைகளுக்காக இதை எழுதுகிறேன். தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் தொடங்கி எஸ்.டி.பி.எம். எனும் மேல்நிலைத் தேர்வோ டிப்ளோமாவோ முடித்து, இன்று கோப்புகளின் நடுவே உட்கார்ந்திருக்கிறீர்கள். கண் பிரிவுக் கோப்பு மேசைக்கு வந்ததும் கை தயங்கும், எனக்கும் தயங்கியது. பக்கமெங்கும் சுருக்கெழுத்துகள், கிறுக்கல் படங்கள், பின்ன எண்கள். ஆனால் இந்தக் கோப்புகளில் உங்களிடம் கேட்கப்படும் முதன்மையான கேள்வி ஒன்றுதான்: இந்தக் கோளாறு அறுவைக்குப் பிறகு வந்ததா, அறுவையால் வந்ததா? இவ்வித்தியாசத்தை நம் இலக்கணம் ஒரே உருபில் காட்டிவிடுகிறது. 'பிறகு' என்றால் காலம். 'ஆல்' என்றால் காரணம். காலத்தை நாள்காட்டியே சொல்லிவிடும். காரணத்தை மருத்துவர் மட்டுமே சொல்ல முடியும்.

தொடங்குமுன் சில அடிப்படைகள்

நாம் பயன்படுத்தும் நோய்க்குறியீட்டுப் பட்டியல் உலகச் சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி. 10ஆம் பதிப்பு. 1990இல் ஏற்கப்பட்டு, 1994 முதல் நாடுகள் பயன்படுத்தத் தொடங்கிய பதிப்பு இது. 11ஆம் பதிப்பும் 2022 ஜனவரி 1 முதல் நடப்பில் இருக்கிறது. உங்கள் பிரிவு எந்தப் பதிப்பில் இயங்குகிறது என்பதை வேலையில் சேரும் முதல் நாளே கேட்டுக்கொள்ளுங்கள். இங்கே சொல்வதெல்லாம் 10ஆம் பதிப்பைப் பற்றியது.

பட்டியல் மூன்று தொகுதிகளாக இருக்கிறது. முதல் தொகுதியில் குறியீடுகள் வரிசைப்படி இருக்கும். இரண்டாவது விதிமுறைக் கையேடு. மூன்றாவது அகர வரிசைச் சொல்லடைவு. எப்போதும் மூன்றாம் தொகுதியில் தேடத் தொடங்கி, கிடைத்த குறியீட்டை முதல் தொகுதியில் திறந்து சரிபாருங்கள். சொல்லடைவோடு நின்றுவிடுகிறவர்கள், முதல் தொகுதியில் குறியீட்டுக்குக் கீழே 'இது இங்கே சேராது, அங்கே போ' என்று எழுதியிருப்பதைப் பார்ப்பதே இல்லை. கண் கோப்புகளில் பாதித் தவறுகள் அங்கேதான் பிறக்கின்றன என்பது என் அனுபவம்.

குறியீடுகள் ஆங்கில எழுத்தில் தொடங்கும். இங்கே அவற்றை எச், டீ, இசட் என்று தமிழில் எழுதுகிறேன். கண்ணுக்குரிய அத்தியாயம் எச் 00 முதல் எச் 59 வரை. எச் 60இல் காது தொடங்கிவிடுகிறது. 'டீ' என்று நான் எழுதுவது ஆங்கில வரிசையில் இருபதாம் எழுத்து, நான்காம் எழுத்து அல்ல. தொலைபேசியில் குறியீடு கேட்டு எழுதும்போது இவ்விரண்டும் காதில் ஒன்றாகவே விழும். நான்காம் எழுத்தில் கட்டிகளும் இரத்த நோய்களும் இருக்கின்றன. செயற்கை லென்ஸ் நகர்ந்த ஒருவரை அந்த அத்தியாயத்தில் கொண்டுபோய் வைத்துவிடக் கூடாது. தொலைபேசியில் சொன்னாலும் எழுத்தில் ஒருமுறை அனுப்பச் சொல்லுங்கள்.

முதல் படி: கடைசிப் பக்கம் வரை படியுங்கள்

என் முதல் ஆண்டில் செய்த தவறு இன்னும் உறுத்துகிறது. அறுவை முடிந்த நான்காம் நாள் கண் சிவந்து வலியோடு வந்து படுக்கையில் சேர்க்கப்பட்ட முதியவர் ஒருவரின் கோப்பு. முதல் பக்கத்தில் கண்ணின் உட்புறத் தொற்று என்று எழுதி, பக்கத்தில் கேள்விக்குறி போட்டிருந்தார்கள். நான் அந்தக் கேள்விக்குறியைத் தாண்டிப் போகவில்லை. சீழ்பிடித்த உட்கண் தொற்றுக்குரிய எச் 44.0ஐ எழுதி மூடிவிட்டேன். மூன்று நாள் கழித்து, அவர் வீடு திரும்பும்போது எழுதப்பட்ட விடுப்புச் சுருக்கத்தில், தொற்று இல்லை, முன்பகுதி அழற்சி மட்டுமே, சொட்டு மருந்தில் தணிந்தது என்று தெளிவாக இருந்தது. மூத்த அதிகாரி ஒருவர் கோப்பைத் திருப்பி அனுப்பினார். அது திரும்பி வராமலே போயிருந்தால், அடுத்த கண்ணுக்கு அறுவை செய்ய அந்தப் பெரியவர் வேறு ஊருக்குப் போகும்போது, வராத ஒரு தொற்றும் அவரோடு கூடவே போயிருக்கும்.

ஆகவே விடுப்புச் சுருக்கத்தை முதலில் படியுங்கள். பிறகு அறுவைக் குறிப்பு. பிறகு அன்றாடக் குறிப்புகள். சந்தேகத்தைக் கையாள விதி இருக்கிறது. உலகப் பதிப்பின் கையேட்டின்படி, சிகிச்சை முடியும்வரை நோய் சந்தேகமாகவே நின்று, வேறு விளக்கமும் இல்லையென்றால், அதை உறுதியான நோய்போலவே குறியிட வேண்டும். சந்தேகித்து, ஆராய்ந்து, இல்லையென்று முடிவாகி, வேறு நோயும் தென்படவில்லை என்றால் இசட் 03 வரிசைக்குப் போக வேண்டும். வேறு நோய் கண்டுபிடிக்கப்பட்டால் அந்த நோயே குறியீடு. என் கோப்பில் அது அழற்சி, எச் 20.0 எழுதியிருக்க வேண்டும்.

சுருக்கெழுத்துகளை ஒரு தாளில் எழுதி மேசையில் ஒட்டிவையுங்கள். ஆர்.இ. அல்லது ஓ.டி. என்றால் வலக்கண், எல்.இ. அல்லது ஓ.எஸ். என்றால் இடக்கண். ஐ.ஓ.எல். என்பது செயற்கை லென்ஸ். பி.சி.ஓ., பி.சி.ஆர். ஆகிய இரண்டிலும் மிகவும் கவனமாக இருங்கள். முதலாவது, லென்ஸ் உறையின் பின்பக்கம் மாதங்கள் கழித்து மங்குவது. இரண்டாவது, அதே பின்னுறை அறுவை மேசையிலேயே கிழிவது. கடைசி எழுத்து ஒன்றுதான் வேறு. அவசரக் கையெழுத்தில் அதுவும் ஒரு சுழியாகத்தான் தெரியும். தேதியைப் பாருங்கள். அறுவைக் குறிப்பிலேயே அந்தச் சொல் இருந்து, உள்ளிருந்த ஜெல்லி போன்ற நீர்மத்தை அகற்றியதாகவும் எழுதியிருந்தால் அது கிழிசல். ஓராண்டு கழித்து வெளிநோயாளர் குறிப்பில் யாக் லேசரோடு (மங்கிய உறையைத் திறக்கும் ஒளிச் சிகிச்சை) சேர்ந்து வந்தால் அது மங்கல்.

இரண்டாம் படி: எந்தச் சிக்கல், எந்த இடம்

கண்புரை அறுவைக்குப் பின் வருவதெல்லாம் எச் 59இல்தான் இருக்கும் என்று புதியவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். 'செயல்முறைக்குப் பிந்திய கண் கோளாறுகள்' என்ற தலைப்பைப் பார்த்தால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். ஆனால் வேறிடத்தில் வகைப்படுத்தப்படாதவை மட்டுமே அங்கே வரும். சொந்த வீடு உள்ள சிக்கலை அதன் வீட்டுக்கே அனுப்ப வேண்டும்.

இங்கே பாட்டியின் கேள்விக்கு வருகிறேன். எடுத்த புரை வளராது. அறுவையில் மங்கிய லென்சை எடுத்துவிட்டு, அதை மூடியிருந்த மெல்லிய உறையின் பின்பக்கத்தை விட்டுவைத்து, அதற்குள் செயற்கை லென்சைப் பொருத்துகிறார்கள். உறையில் ஒட்டியிருக்கும் செல்கள் மாதங்களோ ஆண்டுகளோ கழித்துப் பெருகிப் பின்னுறையை மங்கச் செய்கின்றன. அறுவைக்குப் பின் நாளடைவில் மிகுதியாக வரும் சிக்கல் இதுதான். யாக் லேசரால் அந்த மங்கிய உறையின் நடுவே ஒரு திறப்பு உண்டாக்குகிறார்கள். கத்தி இல்லை, அன்றே வீடு திரும்பலாம். பாட்டிக்கு இதைச் சொன்னபோது, "சன்னல் கண்ணாடியை மாற்றினார்கள், பின்னாலிருந்த திரை அழுக்காகிவிட்டது, அப்படித்தானே?" என்று கேட்டார். நானும் அதைவிட நன்றாகச் சொல்லியிருக்க முடியாது. இதன் குறியீடு எச் 26.4. எச் 59 அல்ல. புரைகளுக்குரிய எச் 26இலேயே 'பின்வரும் புரை' என்று தனி இடம் இருக்கிறது. நோயாளி 'புரை திரும்பிவிட்டது' என்று சொன்னார், அதையே குறிப்பிலும் எழுதியிருக்கிறார்கள் என்பதற்காக முதுமைப் புரைக்குரிய எச் 25க்குப் போய்விடாதீர்கள். ஒரே கண்ணுக்கு இரண்டு முறை புரை எடுத்ததாகக் கணக்கு காட்டும்.

செயற்கை லென்ஸ் நகர்ந்துவிட்டால் டீ 85.2. புதியவர்கள் இங்கே எச் 27.1ஐ எழுதிவிடுவார்கள், அது இயற்கை லென்ஸ் இடம்பெயர்வது. லென்ஸ் ஒழுங்காக இருந்து, வேறு காரணத்துக்காக நோயாளி வந்திருந்தால், லென்ஸ் இருப்பதைச் சொல்ல இசட் 96.1 போதும். அந்த லென்சுக்கே கோளாறு வந்துவிட்டால் இசட் 96.1 அந்த வேலையைச் செய்யாது. கோளாறுகளுக்கு டீ 82 முதல் டீ 85 வரை போகச் சொல்லிப் பட்டியலே விலக்குகிறது.

சீழ்பிடித்த உட்கண் தொற்று கண் மருத்துவர்களுக்குத் தூக்கத்தைக் கெடுக்கும் சிக்கல். பார்வை சில நாட்களிலேயே போய்விடலாம். குறியீடு எச் 44.0. ஆய்வகத்தில் கிருமி வளர்ந்து, மருத்துவரும் அதையே காரணமென்று எழுதியிருந்தால், கூடுதலாக பி 95 முதல் பி 97 வரையிலான வரிசையில் கிருமிக்கும் ஒரு குறியீடு சேருங்கள். ஆய்வகத் தாளை மட்டும் பார்த்து நீங்களாக எழுத வேண்டாம்.

கருவிழியில் நீர் கோத்துக் கொப்புளம் கட்டுவது, கண்புரை அறுவையைத் தொடர்ந்து வந்தது என்று மருத்துவர் எழுதியிருந்தால் எச் 59.0, அந்தத் தொடர்பு இல்லாத கொப்புளக் கருவிழி நோய் எச் 18.1. விழித்திரை கிழிந்து பிரிந்தால் எச் 33.0. அறுவையின்போது பின்னுறை கிழிந்தால் டீ 81.2, கூடவே ஒய் 60.0. லென்ஸ் துண்டு உள்ளே தங்கிவிட்டால், உலகப் பதிப்பில் அதற்குத் தனி இடம் இல்லாததால் எச் 59.8.

இந்த எச் 59.8 ஒரு கோணிப்பை. எதைப் போட்டாலும் வாங்கிக்கொள்ளும். அதனாலேயே அதைக் கடைசியாக மட்டும் திறக்க வேண்டும்.

மூன்றாம் படி: 'ஆல்' எங்கே எழுதியிருக்கிறது?

ஒரு கோப்பை விரித்துப் பார்ப்போம். என் கைக்கு அடிக்கடி வரும் வகை, விவரங்களைப் பொதுவாக்கியிருக்கிறேன். அறுபத்தெட்டு வயது அம்மா. இரண்டாம் வகை இனிப்பு நீர் (நீரிழிவு) நெடுநாளாக உண்டு. வலக்கண்ணில் புரை எடுத்து ஐந்து வாரம். முதல் மூன்று வாரம் நன்றாகத் தெரிந்தது. இப்போது நடுப்பார்வை மங்குகிறது, ஆட்கள் வாசலில் நின்றால் முகம் கலங்கலாகத் தெரிகிறது என்கிறார். ஒளிக்கதிரால் எடுத்த ஓ.சி.டி. படத்தில் விழித்திரையின் நடுவே நீர் தேங்கியிருக்கிறது. குறிப்பில் சி.எம்.ஓ. (விழித்திரை நடு வீக்கத்தின் சுருக்கெழுத்து) என்று எழுதி வட்டமிட்டிருக்கிறார்கள்.

இங்கே இரண்டு பேர் சந்தேக வளையத்தில் நிற்கிறார்கள்: அறுவையும் இனிப்பு நீரும். கண்புரை அறுவைக்குப் பின் சில வாரங்களில் விழித்திரை நடுவே இப்படி நீர் கோப்பது நன்கு அறியப்பட்ட ஒன்று. 1953இல் இர்வின் விவரித்து, 1966இல் காஸ் சாயப் படங்களால் விளக்கியதால், சில மருத்துவர்கள் 'இர்வின்–காஸ்' என்று மட்டும் எழுதிவிடுவார்கள். அதைக் கண்டால் காரணம் சொல்லப்பட்டுவிட்டது என்று கொள்ளலாம். ஆனால் இனிப்பு நீரும் அதே இடத்தில் நீர் கோக்கச் செய்யும். நம் தோட்டப்புறங்களில் புரை எடுக்க வரும் பெரியவர்களில் இனிப்பு நீர் உள்ளவர்களை நான் தினமும் பார்க்கிறேன். ஐந்து வாரம் என்ற கணக்கை வைத்து நீங்கள் தீர்ப்பு எழுத முடியாது.

மருத்துவர் 'வலக்கண் சி.எம்.ஓ., கண்புரை அறுவையால். இனிப்பு நீர் விழித்திரைப் பாதிப்பு இல்லை' என்று எழுதியிருந்தால்: முதன்மை நோய் எச் 59.8. கூடவே ஒய் 83.1. இனிப்பு நீருக்கு, சிக்கலற்றது என்ற பொருளில் ஈ 11.9.

அதே படத்துக்கு அவர் 'இனிப்பு நீரால் வந்த விழித்திரை நடு வீக்கம்' என்று எழுதியிருந்தால் எல்லாமே மாறிவிடும்: ஈ 11.3, அதோடு எச் 36.0. முதல் குறியீட்டுக்குப் பக்கத்தில் பட்டியல் குத்துவாள் குறி போட்டிருக்கும், இரண்டாவதற்கு நட்சத்திரம். குத்துவாள் அடிப்படை நோயைக் காட்டும், நட்சத்திரம் அது வெளிப்பட்ட இடத்தைக் காட்டும். நட்சத்திரக் குறியீடு ஒருபோதும் தனியே நிற்காது. குத்துவாள் முன்னே, நட்சத்திரம் பின்னே. லென்ஸ் இருப்பதற்கு இசட் 96.1. ஒய் 83.1 இங்கே வராது, அறுவைக்கு இதில் பங்கில்லை. நோயாளி ஒருவர், கண் ஒன்று, படமும் ஒன்று. ஓர் உருபு மாறியதும் குறியீடுகள் வேறாகிவிட்டன.

ஒய் 83.1 பற்றி ஒரு வார்த்தை. பல புதியவர்கள் அதை எழுதக் கை கூசுகிறார்கள், அறுவை செய்தவரைக் குற்றம் சாட்டுவது போலிருக்கிறதாம். அப்படி இல்லை. உள்ளே ஒரு பொருளைப் பொருத்திய அறுவை, அதன்போது தவறு எதுவும் நேராமலேயே பின்னால் கோளாறுக்குக் காரணமாவதைத்தான் அது சொல்கிறது. தற்செயலாகக் கிழிந்தது, குத்திவிட்டது போன்றவற்றுக்கு வேறு வரிசை இருக்கிறது: மேலே சொன்ன ஒய் 60. உண்மையில் நடந்ததை மறைத்துவிட்டால் அடுத்த அறுவையை யாரும் திருத்த முடியாது. மலேசியாவின் தேசியக் கண் தரவுத்தளத்தில் 2002 முதல் கண்புரை அறுவைப் பதிவேடு ஒன்றை நடத்துகிறார்கள். பின்னுறைக் கிழிசலையும் உட்கண் தொற்றையும் மருத்துவர்களே அதில் பதிந்து தங்களைக் கண்காணித்துக்கொள்கிறார்கள். அவர்கள் பதியக் கூசாததை நாம் ஏன் கூச வேண்டும்?

நான்காம் படி: காரணம் எழுதப்படாவிட்டால் கேளுங்கள்

கேட்கும் விதம் முக்கியம். 'டாக்டர், இது அறுவையால்தானே?' என்று கேட்டால், வேலைப் பளுவில் அவர் தலையாட்டிவிடுவார். அது உங்கள் விடை, அவருடையது அல்ல. எழுத்தில் இப்படிக் கேளுங்கள்: 'இத்தேதியிட்ட குறிப்பில் வலக்கண் விழித்திரை நடு வீக்கம் பதிவாகியுள்ளது. நோயாளிக்கு இனிப்பு நீர் உண்டு. ஐந்து வாரத்துக்கு முன் கண்புரை அறுவை நடந்துள்ளது. வீக்கத்தின் காரணத்தைத் தெரிவிக்க முடிந்தால் கோப்பில் குறிப்பிடும்படி கேட்டுக்கொள்கிறேன்.' கோப்பில் உள்ளதை மட்டும் வைத்தீர்கள். விடையை அவர் கையில் விட்டீர்கள். பதிலைக் கோப்பிலேயே எழுதி, தேதி போட்டுக் கையெழுத்திடச் சொல்லுங்கள். நடைபாதையில் வாய்ச்சொல்லாகக் கிடைத்த பதிலை வைத்துக் குறியீட்டை மாற்றாதீர்கள்.

ஐந்தாம் படி: வரிசை

புரை எடுக்க வந்து, அதே சேர்க்கையில் சிக்கல் ஏற்பட்டால், முதன்மை நோய் புரையே. சிக்கல் அடுத்த இடம். வீட்டுக்குப் போய்விட்டுச் சிக்கலுக்காகத் திரும்பி வந்தால் சிக்கலே முதன்மை. புரை அப்போது இல்லை, அதை எழுதக் கூடாது. அறுவை, லேசர் முதலிய செயல்முறைகளுக்குரிய குறியீடுகள் வேறு பட்டியலில் இருக்கின்றன. அவை தனிக் கட்டத்தில் போகும்.

அமெரிக்க மருத்துவமனைகளுக்கு வேலை செய்கிறவர்களுக்கு

நம் ஊர்ப் பிள்ளைகள் சிலர் வீட்டிலிருந்தே அமெரிக்கக் கோப்புகளுக்குக் குறியீடு இடுகிறார்கள். அங்கே நடப்பது 2015 அக்டோபர் 1 முதல் பயன்பாட்டில் இருக்கும், அந்நாட்டுக்கென விரிவாக்கப்பட்ட பதிப்பு. இங்கே எச் 59.8 என்ற கோணிப்பையில் போட்டவற்றுக்கு அங்கே தனித்தனி அறை உண்டு. அறுவைக்குப் பிந்திய விழித்திரை நடு வீக்கம் எச் 59.03இல் வரும், ஆறாம் இடத்தில் வலக்கண்ணுக்கு 1, இடக்கண்ணுக்கு 2, இரண்டுக்கும் 3. தங்கிவிட்ட லென்ஸ் துண்டு எச் 59.02. பின்னுறை மங்கல் வலக்கண்ணில் என்றால் எச் 26.491. எந்தக் கண் என்று குறிப்பிடாததற்கு 9 இருக்கிறது; ஆனால் கண் எதுவென்று கோப்பின் ஏதோ ஒரு பக்கத்தில் எழுதியிருக்கும், தேடாமல் 9 போடாதீர்கள். வெளிநோயாளர் கோப்பில் சந்தேகத்தைப் பற்றிய விதியும் நேர்மாறு: உறுதியாகாத நோயை அங்கே குறியிடக் கூடாது, அறிகுறியைத்தான் எழுத வேண்டும். இரண்டு பதிப்புகளிலும் வேலை செய்கிறவர்கள் இரண்டு தனிக் குறிப்பேடு வைத்துக்கொள்ளுங்கள். நான் ஒரே குறிப்பேட்டில் எழுதிவைத்து ஒரு வாரம் குழம்பினேன்.

கோப்பை மூடுமுன்

உலகப் பதிப்பின் குறியீட்டில் வலமும் இடமும் இல்லை. ஆகவே எந்தக் கண் என்பதைக் குறிப்புக் கட்டத்தில் சொற்களால் எழுதுங்கள். அறுவைக் குறிப்பில் வலக்கண்ணாகவும் விடுப்புச் சுருக்கத்தில் இடக்கண்ணாகவும் இருந்தால், ஒன்றை நீங்களே தேர்ந்தெடுக்காமல் கோப்பை மருத்துவருக்கு அனுப்புங்கள். பாட்டியின் சந்திப்பு அட்டையை நான் வாங்கிப் பார்த்தபோது, யாக் லேசர் என்று எழுதி அதன் பக்கத்தில் 'வலம்' என்று இருந்தது. அவர் தொட்டுக் காட்டிய கண்ணும் வலக்கண்தான்.